பினாங்கில் ரசிகர்களுடன்

அன்றைக்கு லைப்ரரியில் இருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன்.

மேசைக்குப் பின்னால் லிட்டியா மேடம், எங்கள் லைப்ரேரியன். மேசைக்கு முன்னால், நாற்காலியில், முனியம்மா அக்கா, கரும்புத் தோட்டக்காரர். நாற்காலி முதுகைப் பிடித்துக்கொண்டு அவர் மகன் ராஜு. ஜன்னலோரம் துரைசாமி அண்ணன், மில்லில் கரும்பு ரயில் ஓட்டி ஓய்வு பெற்றவர். கதவை அடைத்துக்கொண்டு நான், அட்டெண்டன்ட் வேலுசாமி. மேசைமேல், அட்டையில் சிரித்தபடி, நடிகை குமாரி மணிமலர்.

கேள்வி ஒன்றுதான். மணிமலரின் வாழ்க்கைக் கதைப் புத்தகத்திலிருந்து ஒரு பக்கத்தை முனியம்மா அக்காவுக்கு வெட்டிக் கொடுக்கலாமா, கூடாதா.

இதை இப்போது எழுதக் காரணம், ஆக்லாந்தில் தமிழ் வகுப்பு நடத்தும் பிள்ளைகள். பிஜியில் வேலை பார்த்த பழைய ஆட்கள் ஆளுக்கொரு கட்டுரை தர வேண்டும் என்றார்கள். எனக்கு எழுத ஒன்றும் இல்லை என்று சொன்னேன். பிறகு நான் வேலை பார்த்த ரக்கிரக்கிக்குப் போய் லைப்ரரியை எட்டிப் பார்த்தேன். கம்ப்யூட்டர் வந்திருக்கிறது. புத்தகத்தைக் காட்டினால் டிக் என்கிறது. அது படம் எண்ணுமா என்று கேட்டேன். எண்ணாதாம். சரி, எழுதலாம் என்று வந்துவிட்டேன்.

நான் வேலைக்குச் சேர்ந்தது பெரிய கதை இல்லை. தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் ஐந்து வகுப்பு. அப்புறம் அப்பாவோடு கரும்பு வெட்டினேன். முதுகு ஒத்துவரவில்லை. லைப்ரரியில் பெருக்கித் துடைக்க ஆள் கேட்டார்கள். போனேன். முத்திரை குத்தக் கற்றுக்கொள்ள ஒரு வாரம். புத்தகம் அடுக்க ஒரு மாதம். சத்தம் போடாதீர்கள் என்று சத்தம் போடாமல் சொல்ல ஒரு வருஷம்.

எங்கள் லைப்ரரி பஸ் நிற்கும் இடத்துக்கு எதிரே, ஒரே அறை. உலகத்தில் உள்ள அறிவெல்லாம் ஒன்பது அலமாரியில் இருந்தது. ஆட்கள் வந்தது ஒரு அலமாரிக்குத்தான். நடிகர், நடிகை, பாட்டுக்காரர், குத்துச்சண்டைக்காரர், வெள்ளைக்கார ராணி, அவர் பிள்ளைகள். பெயர் பெற்றவர்களைப் பற்றிய புத்தகங்கள். ஆங்கிலம், இந்தி, கொஞ்சம் தமிழ். நாங்கள் அதை ஸ்டார் அலமாரி என்போம். அந்தப் புத்தகங்களைப் பக்கவாட்டில் பார்த்தாலே தெரியும். எழுத்துப் பக்கங்கள் வெள்ளையாக இருக்கும். நடுவில் படப் பக்கங்கள் மட்டும் கை அழுக்கில் கறுத்திருக்கும்.

படம் இருந்தால் பிளேடும் வரும். ஒருவர் இந்தி நடிகரின் தலையை வெட்டிக்கொண்டு சலூனுக்குப் போனார், இப்படி முடி வெட்டு என்று காட்ட. சலூன்காரரே வெட்டின காகிதத்தை எங்களிடம் கொண்டுவந்து கொடுத்தார். வாடிக்கையாளர் தலையில் அவ்வளவு முடி இல்லை, படத்தை வைத்து நான் என்ன செய்ய என்றார். இன்னொருவர் ராணியின் படத்தை எடுத்துக்கொண்டு, அந்த இடத்தில் தன் கல்யாணப் படத்தைக் கோந்து போட்டு ஒட்டியிருந்தார். பக்கக் கணக்கு சரியாக வர வேண்டும் என்று யோசித்திருக்கிறார்.

அதற்குப் பிறகுதான் லிட்டியா மேடம் படம் எண்ணுகிற முறையைக் கொண்டுவந்தார். முறை இது. ஸ்டார் அலமாரிப் புத்தகம் வெளியே போகும்போது படப் பக்கங்களை நான் வாய்விட்டு எண்ண வேண்டும். வாங்குகிறவர் கூடவே எண்ண வேண்டும். எண்ணிக்கையைப் பின்னட்டை உள்பக்கம் பென்சிலில் எழுத வேண்டும். திரும்ப வரும்போது அவர் எதிரிலேயே மறுபடி எண்ண வேண்டும். வெறுமனே எண்ணினால் போதாது. ஒவ்வொரு படத்திலும் யார் என்று பெயரும் சொல்ல வேண்டும். கோந்துக்காரருக்காக அது.

மேடம் இந்த மண்ணின் ஆள், பிஜியின் பூர்வகுடி. பெரிய உருவம், சின்னக் குரல். ஆங்கிலமும் இந்தியும் கலந்து பேசுவார், நான் இங்கே தமிழில் எழுதுகிறேன். யாரையும் திட்டிப் பார்த்ததில்லை. எண்ணிக்கை குறைந்தால் கண்ணாடியைக் கழற்றிப் பாவாடை ஓரத்தால் துடைப்பார். ஒன்றும் கேட்க மாட்டார். ஒரு பக்கக் கண்ணாடி துடைத்து முடிவதற்குள் முக்கால்வாசிப் பேர் ஒத்துக்கொள்வார்கள். இரண்டாவது கண்ணாடி வரை தாங்கினவரை நான் பார்த்ததில்லை.

இனி மணிமலர்.

மணிமலர் பிஜிக்கு வந்தது உண்மை. நாட்டியக் குழுவோடு வந்தார். சுவாவில் ஆடிவிட்டு காரில் லவுட்டோக்காவுக்குப் போனார். வழியில் எங்கள் பக்கம். ரக்கிரக்கிக்குப் பக்கத்தில் சர்க்கரை மில் இருக்கிற இடத்துக்குப் பெயர் பினாங்கு. அங்கே கரும்பு ரயில் ரோட்டைக் கடக்கும். ரயில் ஓட்டினது துரைசாமி அண்ணன். ரயில் நடு ரோட்டில் நின்றுவிட்டது. எஞ்சினில் பழுது என்று அண்ணன் சொல்வார். அந்த எஞ்சின் அதற்கு முன்னும் பின்னும் அங்கே நின்றதில்லை.

அரை மணி நேரம். மணிமலர் காரைவிட்டு இறங்கினார். யாரோ கரும்பு கொடுத்தார்கள், கடித்தார். எல்லோரும் சாப்பிட்டீர்களா என்று கேட்டார். கூட வந்த ஒருவர் படம் எடுத்தார். ரயில் கிளம்பியது, கார் போனது. இவ்வளவுதான் நடந்தது. ஊர் இதைப் பல வருஷம் பேசியது.

அப்புறம் இந்தியாவுக்கு யாத்திரை போன ஒருவர் அந்தப் புத்தகத்தை வாங்கி வந்து லைப்ரரிக்குக் கொடுத்தார். படப் பக்கங்கள் பதினாறு. பதினோராவது பக்கத்தில் மணிமலர் நடுவில் நிற்க, சுற்றிலும் கூட்டம். கீழே ஒரு வரி. ஊரில் தமிழ் பேசுகிறவர்களே குறைந்துகொண்டிருந்தார்கள், எழுத்துக் கூட்டிப் படிக்கிறவர்கள் அதிலும் குறைவு. நான்தான் படித்தேன்.

"பினாங்கில் ரசிகர்களுடன்."

அவ்வளவுதான். மறுநாள் லைப்ரரி வாசலில் வரிசை. இது என் குடை என்றார் ஒருவர். இது என் அம்மாவின் கொண்டை என்றது ஒரு பெண். ஒரே மூக்குக்கு அண்ணன் தம்பி இரண்டு பேர் உரிமை கேட்டார்கள். தவுவாவிலிருந்து பஸ் ஏறி வந்து தன் காதைப் பார்த்துவிட்டுப் போனவர் உண்டு. அந்த நாள் ஊரிலேயே இல்லாதவர்கள்கூட வந்து தங்களைக் கண்டுபிடித்தார்கள்.

அடுத்தவரை ஏன் சொல்ல வேண்டும். இடது ஓரத்தில் மடித்த வெள்ளைச் சட்டைக் கை ஒன்று, முழங்கையில் தழும்பு. எனக்கும் முழங்கையில் தழும்பு உண்டு. அன்று நான் மில் வாசலில் நின்றேன். என் கைதான். மனைவியைக் கூட்டிவந்து காட்டினேன்.

அவள் குனிந்து பார்த்தாள். "வேல செய்யாத கை மாதிரிதான் இருக்கு. உங்களுதுதான்."

பிறகு கூ வந்தது. ராணுவம் ஆட்சியைப் பிடித்ததை இங்கே எல்லோரும் அப்படித்தான் சொல்வோம், ஆங்கிலச் சொல். கேட்டால் குயில் ஞாபகம் வரும். குயிலுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ரோட்டில் ராணுவச் சோதனை. கடைகள் பாதி நாள். வெளிநாட்டில் சொந்தம் இருந்தவர்கள் கிளம்பினார்கள். சொந்தம் இல்லாதவர்கள் சொந்தம் தேடினார்கள். லைப்ரரிக்குப் புத்தகம் எடுக்க ஆள் வரவில்லை, திருப்பித் தரத்தான் வந்தார்கள். லைப்ரரி உறுப்பினர் அட்டையில் விலாசம் மாற்றச் சொன்னார்கள். ஆக்லாந்து. சிட்னி. வான்கூவர். புத்தகம் எடுக்க மாட்டீர்களே, விலாசம் எதற்கு என்று கேட்டேன். இருக்கட்டும் என்றார்கள். நான் பழையதை அடித்துப் புதியதை எழுதினேன்.

வேலை இல்லாததால் மணிமலர் புத்தகத்தைப் படிக்க ஆரம்பித்தேன். அது வந்து இரண்டு வருஷம் ஆகியும் ஒருவரும் எழுத்தைப் படிக்கவில்லை, நானும்தான். மெதுவாகத்தான் படிப்பேன். ஒரு நாளைக்கு மூன்று பக்கம். பாதிக்கு மேல் தாண்டினதும் பினாங்கு வந்தது. நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

பினாங்குக்கு மணிமலர் படகில் கடல் தாண்டிப் போனார் என்று இருந்தது. எழுதினவர் கொஞ்சம் கூட்டி எழுதிவிட்டார் என்று நினைத்தேன். அங்கே ரயிலில் மலை ஏறினார் என்று இருந்தது. எங்கள் ரயில் மலை ஏறாது. சமதரையிலேயே மூச்சு வாங்கும். அடுத்த வரியில் மலேயா என்று இருந்தது.

அட்லஸை எடுத்துப் பார்த்தேன். மலேயா பக்கத்தில் பினாங்கு இருந்தது, பெரிய எழுத்தில். பிஜி பக்கத்தில் எங்கள் பினாங்கு இல்லை. ரக்கிரக்கியே பொடி எழுத்தில்தான் இருந்தது. மணிமலர் புத்தகத்தில் பிஜிக்கு இரண்டே வரி. மக்கள் அன்பானவர்கள், வெயில் அதிகம்.

நான் புத்தகத்தை மூடி அலமாரியில் வைத்தேன். என் முழங்கையை ஒரு தடவை பார்த்துக்கொண்டேன். யாரிடமும் சொல்லவில்லை.

மூன்று வாரம் கழித்து முனியம்மா அக்கா வந்தார்.

அவர் வீட்டுக்காரர் இறந்து சில வருஷம் ஆகியிருந்தது. வீட்டில் அவர் படம் ஒன்றுகூட இல்லை. இருந்த பெட்டியைப் புயல் கொண்டுபோய்விட்டது. இப்போது மகன் ராஜு ஆக்லாந்துக்குக் குடும்பத்தோடு கிளம்புகிறான், அக்காவையும் கூட்டிக்கொண்டு. ஒன்பது நாளில் பிளேன். மணிமலருக்குப் பின்னால், தலையில் துண்டு போட்ட ஒரு ஆள். பாதி முகம்தான் தெரியும். அது தன் வீட்டுக்காரர், அந்தப் பக்கம் தனக்கு வேண்டும் என்றார் அக்கா.

இது துரைசாமி அண்ணன் காதுக்குப் போனது. அந்தத் துண்டுத் தலை தன்னுடையது என்று இரண்டு வருஷமாக விருந்தாளிகளைக் கூட்டிவந்து காட்டிக்கொண்டிருந்தவர் அவர். அவர் எங்கும் போகவில்லை. படமும் எங்கும் போகக் கூடாது என்றார். மேடம் இருவரையும் வரச் சொன்னார். அப்படித்தான் நாங்கள் அன்று அங்கே கூடினோம்.

அண்ணன்தான் ஆரம்பித்தார். "மேடம்கிட்ட சொல்லு வேலு. துண்டப் பாரு. கோடு போட்ட துண்டு. அது என்னுது."

அக்கா திரும்பிப் பார்க்கவில்லை. "கோடு போட்ட துண்டு கடையில நூறு இருந்திச்சு. ஏண்ணே, அன்னிக்கு ரயில ஓட்டினது யாரு?"

"நான்தான். ஊருக்கே தெரியும்."

"அப்ப எஞ்சின்ல இருந்தீங்க. தலைய மட்டும் இறக்கி அனுப்பிச்சீங்களா?"

"எறங்கி வந்தேன்."

"எறங்கி வந்தா எஞ்சின யாரு பாத்தா? பழுதுன்னு சொன்னீங்களே, யாரு ரிப்பேர் பண்ணா?"

அண்ணன் ஜன்னல் வழியே ரோட்டைப் பார்த்தார். ராஜுவுக்குத் தமிழ் வராது, ஆனால் சிரித்துவிட்டான்.

மேடம் என்ன என்று கேட்டார். மொழிபெயர்த்தேன். மேடம் சிரிக்கவில்லை. அக்காவைப் பார்த்து, "பக்கம் வெட்ட முடியாது, அம்மா. இன்றைக்கு உங்களுக்கு வெட்டினால் நாளைக்குப் புத்தகமே இருக்காது" என்றார்.

அக்கா நாற்காலியைவிட்டு எழுந்தார். தரையில் உட்கார்ந்தார். இரண்டு கையையும் சேர்த்து மெதுவாகத் தட்டினார், இந்த மண்ணின் ஆட்கள் பெரியவர்கள் முன்னால் தட்டுவதுபோல. "கெரேகெரே, மேடம்" என்றார்.

இது எங்கள் சொல் இல்லை, மேடத்தின் ஆட்கள் சொல். ஒருவர் தனக்கு வேண்டியதை அப்படிக் கேட்டால், கையில் இருக்கிறவர் இல்லை என்று சொல்வது அவர்களுக்குப் பெரிய கஷ்டம். அக்காவுக்கு அது தெரியும். அறுபது வருஷம் இங்கே இருந்தவர்.

மேடம் கண்ணாடியைக் கழற்றினார். துடைக்க ஆரம்பித்தார். ஒரு கண்ணாடி முடிந்தது. இரண்டாவதும் முடிந்தது. மறுபடி முதல் கண்ணாடிக்கு வந்தார். பக்கத்தைக் கொடுத்துவிடுவார் என்று எனக்குத் தெரிந்தது. அந்த அம்மா கடல் தாண்டிப் போய், யாரோ ஒருவர் முகத்துக்கு விளக்கேற்றுவார்.

"அக்கா," என்றேன். "அது நம்ம பினாங்கு இல்ல."

எல்லோரும் திரும்பினார்கள். எனக்கு நீளமாகப் பேச வராது. "வேற பினாங்கு. மலேயாவுல. புத்தகத்துல எழுதியிருக்கு. படகு, மலை, எல்லாம் எழுதியிருக்கு. நான் முன்னாடியே சொல்லியிருக்கணும்."

துரைசாமி அண்ணன்தான் முதலில் பேசினார். "மலேயாவா? அப்ப என் ரயிலு?"

"படத்துல ரயிலே இல்லண்ணே."

"பின்னாடி நிக்குது. ஆளுங்க மறைக்கிறாங்க."

"இல்லண்ணே."

"உன் முழங்கை?"

"அதுவும் இல்ல."

நான் மேடத்துக்கு எல்லாவற்றையும் சொன்னேன். அக்கா இன்னும் தரையில்தான் இருந்தார். அழுவார் என்று நினைத்தேன். அவர் சேலையைச் சரி செய்துகொண்டார்.

"அவரு அன்னிக்கு மில்லுப் பக்கம் வரவே இல்ல, தம்பி," என்றார். "கரும்பு வெட்டிக்கிட்டு இருந்தாரு. நடிகையாவது கிடிகையாவதுன்னாரு. நான்தான் போனேன்."

"அப்ப அது அவருன்னு எப்படிச் சொன்னீங்க?"

"எல்லாரும் அவங்கவங்களக் கண்டுபிடிச்சாங்க. நானும் வந்து என்னையத் தேடினேன். நான் இல்ல. அவரு இருந்தாரு." புத்தகத்தை எட்டித் தன் பக்கம் இழுத்தார். "இந்தக் கன்னம், இந்தக் காது. எந்த ஊரா இருந்தா என்ன. இப்பிடித்தான் இருப்பாரு. ராஜு பிள்ளைங்க தாத்தா எப்பிடி இருப்பாருன்னு கேட்டா, நான் வாயாலயா வரைய முடியும்?"

மேடத்திடம் சொன்னேன். எனக்குத் தெரிந்த இந்தியில் அது சரியாக வரவில்லை. ஆனால் மேடம் புரிந்துகொண்டார். கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "பக்கம் போகாது. முகம் போகலாம்," என்றார். "வேலுசாமி, படம் எண்ணு. நாளைக்கு நீ புத்தகத்தோடு தவுவா ஸ்டுடியோவுக்குப் போகிறாய். படத்தைப் படம் எடுக்கட்டும்."

மறுநாள் மூன்று பேர் பஸ்ஸில் போனோம். மூன்றாவது ஆள் துரைசாமி அண்ணன். புத்தகத்துக்குக் காவல் என்றார்.

வழியில் ராணுவச் சோதனை. ஒரு சிப்பாய் ஏறி என் பையைத் திறந்தான். புத்தகத்தை எடுத்தான். ஆயுதம் தேடுகிறவன் பக்கம் பக்கமாகப் புரட்டினான். பதினோராவது படத்தில் நின்றான். அவன் கூட்டத்தில் தொப்பி போட்ட ஒருவரைத் தொட்டுக் காட்டி, "இது என் மாமா மாதிரி இருக்கிறது" என்றான். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தான். பின்னால் இருந்தவன் கூப்பிட்ட பிறகுதான் இறங்கினான்.

ஸ்டுடியோவில் கூட்டம். எல்லோரும் பாஸ்போர்ட் படத்துக்கு வந்தவர்கள். வெள்ளைத் துணிக்கு முன்னால் ஸ்டூல். உட்கார், சிரிக்காதே, எழுந்திரு, அடுத்தது. சிரிக்காதே என்று அவர்களுக்குச் சொல்ல வேண்டிய தேவை இருக்கவில்லை. எங்கள் முறை வந்ததும் ஸ்டூலில் புத்தகத்தை வைத்தேன்.

ஸ்டுடியோக்காரர் பார்த்தார். "இவருக்கும் விசாவா?"

"அவருக்கு வேணாம்," என்றார் அக்கா. "என் பையில வருவாரு."

ஸ்டுடியோக்காரர் முதலில் பெரிதாக எடுத்துக் காட்டினார். பெரிதாக்கினால் முகம் போய்விட்டது. வெறும் புள்ளி. அச்சுப் படத்தில் அப்படித்தான் ஆகும் என்றார். அக்கா அந்தப் புள்ளிகளை விரலால் தடவிப் பார்த்தார். இது வேண்டாம் என்றார்.

"சின்னதாவே இருக்கட்டும். உயிரோட இருந்தப்பவும் சின்ன ஆளுதான்."

பாஸ்போர்ட் அளவுக்கு எடுத்தார். முகம் வந்தது. கன்னம், காது, துண்டு. அக்கா ஆறு எடுக்கச் சொன்னார். துரைசாமி அண்ணன் தொண்டையைச் செருமினார். எனக்கும் ஒன்று என்றார்.

"மலேயாக்காரன்தாண்ணே அது," என்றேன்.

"தெரியும்டா. வீட்டுல கேட்டா காட்டணும் இல்ல?"

அக்கா தன் ஆறில் ஒன்றை எடுத்து அவர் கையில் வைத்தார். "பத்திரமா வெச்சிக்கோங்கண்ணே. என் வீட்டுக்காரரு."

அண்ணன் அதைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். பஸ்ஸில் திரும்பும்போது இரண்டு தடவை எடுத்துப் பார்த்தார். நான் பார்க்காத மாதிரி இருந்தேன். லைப்ரரிக்கு வந்ததும் மேடம் எதிரில் எண்ணினேன். பதினாறும் இருந்தது.

எட்டாம் நாள் அக்கா போனார். நாந்தி ஏர்போர்ட் வரை நான் போகவில்லை. பஸ் நிலையத்தில் கைப்பையைத் தட்டிக் காட்டினார், உள்ளே இருக்கிறார் என்று.

அதற்குப் பிறகு மேடம் ஒரு சீட்டு எழுதச் சொன்னார். தமிழில் நான் எழுதினேன், இந்தியிலும் ஆங்கிலத்திலும் மேடம் எழுதினார். இந்தப் படம் மலேயா நாட்டுப் பினாங்கில் எடுத்தது, நம் பினாங்கு அல்ல. படத்துக்கு எதிர்ப் பக்கத்தில் ஒட்டினோம். இனி யாரும் வர மாட்டார்கள் என்று நான் நினைத்தேன்.

வந்தார்கள். சீட்டைப் படிக்கச் சொன்னார்கள். படித்தேன். சரி என்றார்கள். நாங்க அடுத்த மாசம் கிளம்புறோம், எங்க அப்பாவ மட்டும் எடுத்துக் குடுங்க என்றார்கள். கொண்டையைக் கேட்டார்கள். குடையைக் கேட்டார்கள். அண்ணன் தம்பி இருவரும் வந்து ஒரே மூக்கை ஆளுக்கொன்று வாங்கினார்கள், ஒருவர் சிட்னிக்கும் ஒருவர் வான்கூவருக்கும். ஒவ்வொரு சனிக்கிழமையும் நான் புத்தகத்தோடு தவுவா பஸ் ஏறினேன். சோதனையில் அந்தச் சிப்பாய் இருந்தால் பையைக் கேட்க மாட்டான், புத்தகத்தை மட்டும் கேட்பான். மேடம் ரிஜிஸ்டரில் தனியாக ஒரு பத்தி போட்டார். தேதி, குடும்பம், எந்தத் தலை.

நான் ஓய்வு பெற்ற அன்று அந்தப் பத்தியைக் கூட்டிப் பார்த்தேன். படத்தில் மணிமலரை விட்டால் தலைகள் இருபத்தாறு. தலை எடுத்துப் போன குடும்பங்கள் நாற்பத்தொன்று.